காரணம் என்ற கட்டம்

படிவத்தில் நான்கு கட்டங்கள்:
வரிசை எண். நட்டது. பிழைத்தது. காரணம்.

மொய்னாக் ஊரிலிருந்து வடக்கே
ஜீப்பில் முக்கால் மணி நேரம்.
ஒரு காலத்தில் கடலாக இருந்ததன் தரையில்
எண்ணிக்கொண்டே நடக்கிறேன்.
செருப்படியில் சிப்பி நொறுங்குகிறது.
அலை இல்லை. அலையின் தழும்பு மட்டும்
மணலில் வரிவரியாய்.

நூறு நட்டால் பதினாலு நிற்கிறது.
நிற்பது என்றால்,
முழங்கால் உயரத்தில்
தலைவாராத பிள்ளைபோல் ஒன்று.
இலை என்று சொல்ல எதுவுமில்லை,
பச்சை நூலாய்ப் பிரிந்த குச்சிகள்.
சக்சாவுல்.
மரம் என்றாலும் கோபித்துக்கொள்ளாது,
புதர் என்றாலும் சரி.
நிழல் கேட்டால்தான் கையை விரிக்கும்.

மேலே தெரிவது கொஞ்சம்.
கீழே, ஐந்தாறு ஆள் ஆழத்துக்கு
சத்தமில்லாமல் கிணறு வெட்டிக்கொண்டிருக்கிறது.

நாற்பத்தொன்றாம் வரிசை பழையது.
என் தலையைத் தாண்டிவிட்டது.
மே மாதத்தில் அங்கே
நெற்றியில் கறுப்புக் கோடிட்ட சிட்டு ஒன்று
ஒட்டக மயிரோடு மீன்வலை நூலும் சேர்த்து
கூடு முடைந்திருந்தது.
நீல நூல். நாற்பது வருடப் பழசு.
கடைசியாக அதில் சிக்கியது மீன்.
இப்போது மூன்று முட்டை.
படிவத்தில் இதற்கு இடமில்லை.
வேரடியில் எலிகள் தோண்டிய வீதிகளுக்கும் இல்லை,
அந்த வீதிகளை
என்னைவிட ஒழுங்காய்க் கணக்கெடுத்துப் போகும்
நரிக்கும் இல்லை.

மார்ச்சில் வெள்ளைக் காற்று வரும்.
உப்பும், பருத்தி வயலுக்கு அடித்த மருந்தும்
ஒன்றாய் அரைத்த மாவு.
ஊரே இருமும்.
புதரின் முதுகுப் பக்கம் மட்டும்
ஒரு முறம் மணல் உட்கார்ந்துவிடும்,
இனி எழ மாட்டேன் என்பதுபோல.
ஒரு முறம்தான்.
நான் முறங்களைத்தான் எண்ணுகிறேன் போலிருக்கிறது.

ஜனவரியில் போனேன்.
நாற்பத்தொன்றாம் வரிசை இல்லை.
முறிந்த அடிக்கட்டைகள், பனி,
பக்கவண்டி மாட்டிய மோட்டார்சைக்கிளின்
மூன்று கோடுகள்.

கோடுகள் பெர்தெபாய் வீட்டில் முடிந்தன.
முற்றத்தில் நின்று உடைத்துக்கொண்டிருந்தார்.
சக்சாவுலைக் கோடாலி வெட்டாது,
கோடாலிதான் வாய் மழுங்கும்.
ஓங்கி எதன்மேலாவது அடிக்க வேண்டும்,
கண்ணாடிபோல் தெறிக்கும்.
அவர் அடித்தது துருப்பிடித்த ஒரு நங்கூரத்தின்மேல்.
என்னைப் பார்த்தார். கை நிற்கவில்லை.
"பன்னிரண்டு நாளாய் காஸ் வரவில்லை.
உள்ளே பச்சைக் குழந்தை."

உள்ளே போனேன்.
கையுறையைக் கழற்றினேன்.
அதுதான் நான் செய்த முதல் தவறு.
நிலக்கரிகூட இப்படிக் காயாது.
புகையில்லை, பொறியில்லை,
அடுப்புக்குள் ஒரு சின்னச் சூரியன்
பொறுமையாய் உட்கார்ந்திருந்தது.
விரல்கள் ஒவ்வொன்றாய்
என் பக்கத்திலிருந்து அவர் பக்கம் போயின.

ஜன்னல் விளிம்பில் அந்தக் கூடு. நீல நூலோடு.
"இதை எரிக்க மனசு வரவில்லை"
என்றாள் மருமகள் அய்பர்ஷா,
மாவுக் கையால் குழந்தையின் போர்வையை இழுத்துவிட்டபடி.
மனசு கூட்டின் அளவுக்கு வந்திருக்கிறது,
கிளை அளவுக்கு வரவில்லை.
நான் சொல்லவில்லை.
வாயில் அவள் கொடுத்த ரொட்டி இருந்தது.
சூடாக. அடிப்பக்கம் கொஞ்சம் கருகி.

படிவத்தை எடுத்தேன்.
நட்டது: நூறு.
பிழைத்தது: சுழி.
காரணம்?
போன வருடம் முயல் என்று எழுதினேன்.
அதற்கு முந்திய வருடம் வறட்சி.
இரண்டும் உண்மை.
பேனா ஓடவில்லை, மை உறைந்திருந்தது.
அடுப்பருகே பிடித்தேன்.
நாற்பத்தொன்றாம் வரிசையின் சூட்டில்
மெல்ல இளகியது.

பெர்தெபாய் வாசலிலேயே நின்றார்,
தொப்பியைக் கழற்றாமல்,
நான் எழுதும் நீளத்தை அளப்பதுபோல.
நீளமில்லை. ஒரே சொல்.
குளிர்.

அலுவலகத்தில் கேட்பார்கள்:
குளிரா?
சக்சாவுல் குளிருக்குச் சாகாதே.

சாகாதுதான்.